“ஆன்டிவைரஸை அணைத்துவிட்டு நிறுவவும்”

கணினி கேள்வி – பதில்

கோடை விடுமுறை முடிந்து கல்லூரிகள் திறக்கும் நேரத்தில் இந்தப் பகுதிக்கு வரும் கடிதங்களில் ஆண்டுதோறும் ஒரே புகார்தான் மேலோங்கி நிற்கிறது. விடுமுறையில் ஏதோ ஒரு விளையாட்டை இணையத்திலிருந்து இலவசமாக இறக்கினோம், அதன் பிறகு கணினி பழையபடி இல்லை என்பதே அந்தப் புகார். இம்முறை அக்கடிதங்களை மட்டும் ஒன்றாக எடுத்துக்கொண்டிருக்கிறேன். சிலர் கேட்டுக்கொண்டபடி எல்லோருடைய பெயர்களையும் விட்டுவிட்டு ஊரை மட்டும் குறிப்பிட்டிருக்கிறேன்.

கல்லூரி மாணவர், மதுரை: மூன்று மாதங்களுக்கு முன் பழைய கால்பந்து விளையாட்டு ஒன்றின் கிராக் செய்த, அதாவது காசு கொடுக்காமலே ஓடும்படி பூட்டை உடைத்த பதிப்பை, பயனர்கள் தங்களுக்குள் கோப்புகளைப் பகிரும் டோரன்ட் வழியாக இறக்கினேன். விளையாட்டு நன்றாகவே ஓடியது. சில வாரங்களாக, எதையும் திறக்காமல் சும்மா வைத்திருந்தாலும் மடிக்கணினியின் விசிறி இரைந்துகொண்டே இருக்கிறது. அடியில் கை வைக்க முடியாத சூடு. எந்தெந்த நிரல் ஓடுகிறது என்று காட்டும் டாஸ்க் மேனேஜரைத் திறந்தால் மட்டும் உடனே அடங்கிவிடுகிறது. திரையின் மூலையில் ஆன்டிவைரஸின் பச்சை டிக் இருப்பதால் வைரஸ் எதுவும் இல்லை, தூசிதான் காரணம் என்கிறார் கடைக்காரர். சரிதானா?

நீங்கள் டாஸ்க் மேனேஜரைத் திறந்தீர்களா இல்லையா என்பது தூசிக்குத் தெரியாது. யாரோ கண்காணிக்கிறார்கள் என்று தெரிந்தவுடன் வேலையை நிறுத்திக்கொள்ளும் நிரல் ஒன்று உள்ளே இருக்கிறது என்பதைத்தான் உங்கள் கடிதத்தின் அந்த ஒரு வரி காட்டுகிறது. அது பெரும்பாலும் கிரிப்டோ நாணயம் ‘தோண்டும்’ நிரலாக, அதாவது கணினியை ஓயாமல் கணக்குப் போட வைத்து அதற்குக் கூலியாக இணைய நாணயம் ஈட்டும் நிரலாக இருக்கும். மொனேரோ என்ற நாணயத்தைத் தோண்டுவதற்குத் தனி இயந்திரங்கள் தேவையில்லை. வீட்டுக் கணினியின் சாதாரண பிராசஸரே போதும். அதை யார் யாருக்கு அனுப்பினார்கள் என்று பின்தொடர்வதும் கடினம். ஆகவே பிறர் கணினியில் ஒளிந்திருந்து சம்பாதிக்க நினைப்பவர்கள், எக்ஸ்எம்ரிக் என்ற வெளிப்படையான, சட்டப்படி கிடைக்கும் தோண்டு நிரலையே எடுத்து, திருட்டு விளையாட்டுகளுக்குள் மறைத்து அனுப்புகிறார்கள்.

இதற்கு நன்றாக ஆராயப்பட்ட எடுத்துக்காட்டு ஒன்று உண்டு. தங்கள் கணினியிலிருந்து ஆன்டிவைரஸே காணாமல் போய்விட்டது என்று பயனர்கள் சிலர் இணையத்தில் புலம்பியதைக் கவனித்த செக் நாட்டின் ஆன்டிவைரஸ் நிறுவனமான அவாஸ்ட், அதைத் துருவிப் பார்த்து 2021 ஜூனில் ஓர் அறிக்கை வெளியிட்டது. கண்டுபிடித்த நிரலுக்கு, செக் நாட்டுப்புறக் கதைகளில் வரும் மலைப்பூதம் ஒன்றின் பெயரை ஒட்டி ‘கிராக்கோனோஷ்’ என்று பெயர் வைத்தார்கள். கிராண்ட் தெஃப்ட் ஆட்டோ 5, என்பிஏ 2கே19, ஃபார் க்ரை 5, தி சிம்ஸ் 4, புரோ எவல்யூஷன் சாக்கர் 2018 ஆகியவற்றின் கிராக் பதிப்புகளில் அது ஒளிந்திருந்தது. 2018 முதல் உலகெங்கும் 2,22,000க்கும் மேற்பட்ட கணினிகளில் புகுந்து, 20 லட்சம் டாலருக்கு மேல் மதிப்புள்ள மொனேரோவைச் சம்பாதித்திருந்தது. அதிகம் பாதிக்கப்பட்ட நாடுகளின் வரிசையில் பிலிப்பைன்ஸ், பிரேசில் ஆகியவற்றுக்கு அடுத்து இந்தியா இருந்தது.

உங்களுக்குச் சொல்ல வேண்டியது அது வேலை செய்த விதத்தைப் பற்றித்தான். விளையாட்டை நிறுவிய அன்று அது எதுவும் செய்யாது. கணினி எத்தனை முறை தொடங்கப்படுகிறது என்று எண்ணிக்கொண்டே இருந்து, 7ஆவது அல்லது 10ஆவது முறைக்குப் பிறகு, அடுத்த தடவை விண்டோஸ் ‘சேஃப் மோடில்’ தொடங்கும்படி மாற்றிவிடும். பழுதுபார்ப்பதற்கென்று உள்ள அந்த நிலையில் ஆன்டிவைரஸ் இயங்காது. தூங்கும் காவலாளியை எழுப்பாமலே வெளியே தூக்கிப் போடுவது போல, அந்த இடைவெளியில் ஆன்டிவைரஸையும் விண்டோஸுடனேயே வரும் காவல் நிரலான டிஃபெண்டரையும் அழித்துவிட்டு, விண்டோஸ் அப்டேட்டையும் நிறுத்திவிடும். பிறகு டிஃபெண்டரின் குறியைப் போலவே பச்சை டிக்கோடு ஒரு போலிக் குறியைத் திரையின் மூலையில் வைத்துவிடும். கடைக்காரர் நம்பிய பச்சை டிக், வேலிக்கு ஓணான் சொன்ன சாட்சியாகவும் இருக்கலாம். நிறுவிய நாளுக்கும் தொல்லை தொடங்கிய நாளுக்கும் இடையே பல நாட்கள் கடந்துவிடுவதால், பழி விளையாட்டின் மீது விழாமல் தூசியின் மீது விழுகிறது.

கடிதத்தை மட்டும் வைத்துக்கொண்டு, உங்கள் கணினியில் இருப்பது இதேதான் என்று சொல்ல முடியாது. 2024 டிசம்பர் 31 அன்று பரவத் தொடங்கி, 2025 பிப்ரவரியில் காஸ்பர்ஸ்கி நிறுவனம் வெளிப்படுத்திய இன்னொரு தாக்குதலில் பீம்என்ஜி டிரைவ், கேரிஸ் மாட் போன்ற விளையாட்டுகளின் திருட்டுப் பதிப்புகள் தூண்டிலாகப் பயன்பட்டன. அந்த நிரல், பிராசஸரில் 8 கோர்களாவது (தனித்தனியாக வேலை செய்யும் பகுதிகள்) இருக்கிறதா என்று பார்த்துவிட்டு இருந்தால் மட்டுமே தோண்டத் தொடங்கியது, டாஸ்க் மேனேஜர் திறக்கப்பட்டால் நிறுத்திக்கொண்டது. உங்கள் கணினியின் நடத்தை இதற்கு நெருக்கமாக இருக்கிறது.

மூலையில் உள்ள குறியை நம்பாமல், விண்டோஸ் செக்யூரிட்டி உண்மையில் திறக்கிறதா, அப்டேட் இறங்குகிறதா என்று பாருங்கள். இரண்டில் ஒன்று மறுத்தாலும், சுத்தப்படுத்தும் மென்பொருளைத் தேடி நேரத்தை வீணாக்காமல், நல்ல நிலையில் உள்ள வேறொரு கணினியில் விண்டோஸை நிறுவும் பென் டிரைவ் ஒன்றைத் தயாரித்து, உங்கள் கணினியை முழுவதுமாக ஃபார்மட் செய்துவிடுங்கள். அதற்கு முன் ஆவணங்களையும் படங்களையும் மட்டும் காப்பி எடுங்கள். இன்ஸ்டால் செய்யும் கோப்பு எதையும், முக்கியமாக அந்த விளையாட்டை, காப்பி எடுக்க வேண்டாம்.

மின்கட்டணத்தையும் ஒரு தரம் பாருங்கள். தோண்டும் நிரலால் கூடுதலாக 50 வாட் செலவாகிறது என்று வைத்துக்கொண்டால், நாளுக்குப் பத்து மணி நேரத்தில் அரை யூனிட். இரண்டு மாத ரீடிங்கில் அது 30 யூனிட். கொஞ்சம்தான் என்று தோன்றும், ஆனால் அதனாலேயே அடுத்த ஸ்லாபில் விழும் வீடுகள் உண்டு. இலவசமாக வந்த விளையாட்டின் விலையை உங்கள் அப்பா இரண்டு மாதத்துக்கு ஒரு முறை மின்வாரியத்துக்குக் கட்டிக்கொண்டிருக்கிறார் என்பதுதான் கணக்கு.

இல்லத்தரசி, ஈரோடு: பதினொன்றாம் வகுப்பு படிக்கும் என் மகன் விளையாட்டை நிறுவும்போதெல்லாம் ஆன்டிவைரஸை அணைக்கிறான். கேட்டால், “கிராக் கோப்புகளை ஆன்டிவைரஸ் தவறாக வைரஸ் என்று காட்டும்மா, எல்லோரும் அப்படித்தான் செய்கிறார்கள்” என்கிறான். அவன் சொல்வது உண்மையா, பொய்யா?

பாதி உண்மை. பொய்யாக இருந்திருந்தால் இவ்வளவு பேர் ஏமாந்திருக்க மாட்டார்கள்.

கிராக் என்பது, ‘இவர் காசு கொடுத்து வாங்கியவரா’ என்று விளையாட்டு தனக்குள் கேட்டுக்கொள்ளும் இடத்தை வெட்டி எடுத்துவிட்டு, எப்போதும் ‘ஆம்’ என்றே பதில் வரும்படி மாற்றப்பட்ட கோப்பு. வேறொரு நிரலின் உள்ளே கை வைப்பது, அதன் கோப்பை மாற்றி வைப்பது, தன்னுடைய உள்ளடக்கத்தை யாரும் படிக்க முடியாதபடி பொதிந்துகொள்வது ஆகிய எல்லாவற்றையும் அது செய்கிறது. வைரஸ் செய்வதும் இவற்றையே. ஆகவே தீங்கு எதுவும் செய்யாத கிராக்கையும் ஆன்டிவைரஸ் பிடித்து நிறுத்துவது உண்டு. உங்கள் மகன் சொல்லும் பாதி இதுதான்.

அவன் யோசிக்காத பாதி என்னவென்றால், எச்சரிக்கை வந்தால் பொருட்படுத்தாதே என்று பயனரைப் பழக்கிவிட்ட பிறகு, தீங்கில்லாத கிராக்கையும் விஷம் வைத்த கிராக்கையும் பிரித்தறிய அவனிடம் எந்தக் கருவியும் மிச்சமில்லை. இரண்டும் ஒரே எச்சரிக்கையைத்தான் எழுப்பும். இரண்டுக்கும் ஒரே பதில்தான் அவனிடம் இருக்கிறது. வைரஸ் எழுதுபவனுக்கு இதைவிட வசதியான வீடு எங்கே கிடைக்கும்?

பழுதுபார்க்க என்னிடம் வந்த ஒரு கணினியில், விளையாட்டின் கோப்புறைக்குள் ஒரு சிறிய குறிப்பு இருந்தது. முதலில் இணைய இணைப்பைத் துண்டிக்கவும்; அடுத்து ஆன்டிவைரஸை அணைத்துவிட்டு நிறுவவும்; வலது கிளிக் செய்து ‘அட்மினிஸ்ட்ரேட்டராக’ இயக்கவும்; திரை கறுத்து, வெளியிட்டவர் யாரென்று தெரியவில்லை, அனுமதிக்கலாமா என்று கேட்டால் ‘யெஸ்’ கொடுக்கவும் என்று நான்கு வரிகள். பெட்டியின் சாவி, பீரோவின் சாவி, கடைசியில் வாசல் சாவி என்று வரிசையாகக் கேட்டு வாங்கும் அந்தக் குறிப்பைப் படித்தபோது, இதை எழுதியவன் எதையும் உடைத்து உள்ளே வரவில்லை, அழைக்கப்பட்டுத்தான் வந்திருக்கிறான் என்பது எனக்குப் புரிந்தது.

மகனிடம் இரண்டு அடையாளங்களைச் சொல்லி வையுங்கள். இறக்கிய ஜிப் கோப்புக்குக் கடவுச்சொல் போட்டு, அந்தக் கடவுச்சொல்லைப் பக்கத்திலேயே எழுதி வைத்திருந்தால், அது உங்களிடமிருந்து எதையும் காப்பதற்காக அல்ல. ஆன்டிவைரஸ் உள்ளே எட்டிப் பார்க்காமல் இருப்பதற்காக. ஒரு சின்ன ‘கிராக்’ கோப்பு பல நூறு மெகாபைட் எடை காட்டினால், பெரிய கோப்புகளைச் சோதனை மென்பொருள்கள் விட்டுவிடும் என்பதை அறிந்து, வெற்று எழுத்துகளால் அதை ஊத வைத்திருக்கிறார்கள் என்று சந்தேகிக்க வேண்டும்.

வாசகர், விருதுநகர்: ஆன்லைன் விளையாட்டின் கிராக் பதிப்பில் மற்றவர்களோடு சேர்ந்து விளையாட முடியுமா?

பெரும்பாலும் முடியாது. ஆன்லைன் விளையாட்டின் பாதி, நிறுவனத்தின் சர்வரில் இருக்கிறது. வாங்கிய கணக்கு இல்லாதவரை அந்த சர்வர் உள்ளே விடாது. அதனால்தான் ‘ஆன்லைனும் வேலை செய்யும்’ என்று விளம்பரம் செய்யப்படும் கிராக்கைக் கண்டால் இரட்டிப்பாகச் சந்தேகப்பட வேண்டும். அடையாளம் தெரியாத ஒருவர் நடத்தும் தனியார் சர்வருக்கு உங்களை அழைத்துச் செல்கிறார்கள் என்றால், அங்கே நீங்கள் எப்போதும் பயன்படுத்தும் கடவுச்சொல்லையே பதிவு செய்யாமலாவது இருங்கள்.

ஸ்டுடியோ வைத்திருப்பவர், நாகர்கோவில்: பையன் இரவில் ஏதோ விளையாட்டை நிறுவியிருக்கிறான். நடுவில் விண்டோஸ் அப்டேட் ஓடுவதாகத் திரை காட்டியதாம், அணைக்காமல் விட்டிருக்கிறான். காலையில் பார்த்தால் திருமண ஆல்பங்கள் எல்லாவற்றின் பெயருக்குப் பின்னாலும் புரியாத நான்கு எழுத்துகள் ஒட்டியிருக்கின்றன, எதுவும் திறக்கவில்லை. எல்லாக் கோப்புறைகளிலும் ‘ரீட்மீ’ என்று ஒரு குறிப்பு, 980 டாலர் கேட்கிறது. 72 மணி நேரத்துக்குள் என்றால் பாதி. கட்டிவிடலாமா?

கட்ட வேண்டாம். இது ஸ்டாப் அல்லது டெஜாவு என்று அழைக்கப்படும் பிணைத்தொகை நிரலின் கையெழுத்து. நீங்கள் சொன்ன தொகை, தள்ளுபடி, நான்கு எழுத்து ஒட்டு, போலி அப்டேட் திரை எல்லாம் அப்படியே பொருந்துகின்றன. பெரிய நிறுவனங்களைத் தாக்கும் கும்பல்களைப் பற்றிச் செய்தித்தாள்கள் எழுதுகின்றன. இது அந்த வகை அல்ல. கிராக்குகளையும், போலி உரிம எண் தயாரிக்கும் கீஜென்களையும் தேடும் வீட்டுக் கணினிகளையும் சிறு கடைகளையும் குறிவைத்தே 2018 முதல் பரவிவரும் நிரல் இது. பணம் கட்டினால் சாவி வரும் என்பதற்கு, பறித்தவனின் வாக்கைத் தவிர வேறு உத்தரவாதம் இல்லை.

உங்களுக்கு நம்பிக்கை தரக்கூடிய செய்திகள் இரண்டு உண்டு. கோப்புகளைப் பூட்டும் முன் இந்த நிரல் தன் சர்வரைத் தொடர்புகொண்டு உங்களுக்கென்று ஒரு தனிச் சாவியை வாங்கிக்கொள்ளும். தொடர்பு கிடைக்காவிட்டால், தன்னோடு கொண்டுவந்த பொதுச் சாவியால் பூட்டும். பொதுச் சாவியால் பூட்டப்பட்டவற்றைத் திறக்கும் வழி சில நேரங்களில் பின்னர் கிடைப்பதுண்டு. எம்சிசாஃப்ட் என்ற நிறுவனம் 2019 அக்டோபரில் இந்த நிரலின் 148 வகைகளுக்கு இலவசத் திறவுகோலை வெளியிட்டது. அதற்குப் பின் வந்த வகைகளுக்கு, பொதுச் சாவியாக இருந்தால் மட்டுமே வாய்ப்பு. எனவே பூட்டப்பட்ட கோப்புகளையும் அந்தக் குறிப்பையும் அழிக்காமல் வேறொரு ஹார்ட் டிஸ்கில் எடுத்து வையுங்கள்.

இரண்டாவது, உங்கள் தொழிலுக்கே உரியது. அவசரமாக வேலையை முடிக்க வேண்டும் என்பதால், இந்த நிரல் ஒவ்வொரு கோப்பிலும் முதல் 150 கிலோபைட் அளவை மட்டுமே பூட்டுகிறது. ஒரு புகைப்படத்துக்கு அது பெரிய சேதம். பல ஜிபி அளவுள்ள திருமண வீடியோவுக்கோ அது தலைப்பகுதி மட்டுமே. அதே கேமராவில், அதே அமைப்பில் எடுத்த நல்ல வீடியோ ஒன்று கைவசம் இருந்தால், அதன் தலைப்பகுதியை முன்மாதிரியாகக் கொண்டு பழுதான வீடியோவை மீட்கும் மென்பொருள்கள் இருக்கின்றன. மெமரி கார்டுகளையும் உடனே தேடுங்கள். அழித்த பிறகு புதிதாக எதுவும் பதியாத கார்டு என்றால் அதிலிருந்தும் படங்களை மீட்கலாம்.

இந்த நிரலோடு கடவுச்சொல் திருடும் நிரலும் சேர்ந்து வந்த நிகழ்வுகள் உண்டு என்பதால், ஸ்டுடியோவின் வங்கிக் கணக்கு, மின்னஞ்சல் ஆகியவற்றின் கடவுச்சொற்களை இன்றே உங்கள் கைபேசியிலிருந்து மாற்றிவிடுங்கள். வங்கிப் பணம் ஏதேனும் போயிருந்தால் 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணுக்கு உடனே சொல்லுங்கள். பணத்தை வழியில் நிறுத்தி வைப்பதற்கு நேரம்தான் முக்கியம். பையனைத் திட்டியிருப்பீர்கள். தொழில் செய்யும் கணினியை விளையாடவும் கொடுத்தது யார் என்ற கேள்வியையும் ஒரு தரம் கேட்டுக்கொள்ளுங்கள். வருத்தப்பட வேண்டாம், இதை எழுதும் நானும் ஒரு காலத்தில் அப்படிச் செய்தவன்தான்.

வாசகி, யாழ்ப்பாணம்: எனது இன்ஸ்டகிராம் கணக்கை வேறு யாரோ பயன்படுத்துகிறார்கள். இரட்டைப் பாதுகாப்பு போட்டிருந்தேன். குறியீடு கேட்டு எனது தொலைபேசிக்கு எதுவும் வரவில்லை. தம்பி எனது கணினியில் மைன்கிராஃப்டைக் காசு கொடுக்காமல் ஏதோ ஒரு தளத்திலிருந்து இறக்கியிருந்தான். இரண்டுக்கும் தொடர்பு இருக்குமா?

இருக்கக்கூடும். நீங்கள் ஒரு முறை உள்நுழைந்த பிறகு, ஒவ்வொரு தடவையும் கடவுச்சொல் கேட்காமல் இருப்பதற்காக, ‘இவர் ஏற்கெனவே சோதிக்கப்பட்டவர்’ என்ற அனுமதிச் சீட்டு ஒன்று உலாவியில் சேமிக்கப்படுகிறது. குக்கி என்பது அதுதான். கணினியில் உங்கள் பெயரில் இயங்கும் நிரல் ஒன்றால் அந்தச் சீட்டை அப்படியே நகலெடுத்து அனுப்பிவிட முடியும். திருவிழாவில் கையில் முத்திரை குத்தி உள்ளே விடுவதைப் போலத்தான்: முத்திரையைக் காட்டுபவரிடம் வாயிற்காவலர் மறுபடி டிக்கெட் கேட்பதில்லை. எனவேதான் உங்களுக்குக் குறியீடு வரவில்லை.

இத்தகைய திருடும் நிரல்கள் இன்று வாடகைக்குக் கிடைக்கின்றன. அவற்றுள் ஒன்றான லும்மாவின் வலையமைப்பை மைக்ரோசாஃப்டும் பல நாட்டு அதிகாரிகளும் சேர்ந்து 2025 மே மாதத்தில் முடக்கியபோது, அதற்கு முந்தைய இரண்டு மாதங்களில் மட்டும் 3,94,000க்கும் மேற்பட்ட விண்டோஸ் கணினிகளில் அது இருந்ததாக மைக்ரோசாஃப்ட் தெரிவித்தது. கிராக் மென்பொருள்கள் அது பரவிய வழிகளுள் ஒன்று.

நீங்கள் செய்ய வேண்டியவற்றின் வரிசை முக்கியம். அந்தக் கணினியைத் தொடாமல், தொலைபேசியிலிருந்து முதலில் மின்னஞ்சலின் கடவுச்சொல்லை மாற்றி, எல்லாக் கருவிகளிலிருந்தும் வெளியேற்றும் தெரிவைக் கொடுங்கள். அதன் பிறகு இன்ஸ்டகிராமை மீட்டு, அங்கேயும் அதையே செய்யுங்கள். அனுமதிச் சீட்டுகள் செல்லாமல் போவது அப்போதுதான். கணினியைச் சுத்தம் செய்வதற்கு முன் அதிலேயே உட்கார்ந்து புதிய கடவுச்சொல்லை மாற்றினால், புதியதையும் தட்டில் வைத்துக் கொடுத்ததாகிவிடும். தம்பியின் விளையாட்டுக் கணக்குக்கும் இதையே செய்து, அவனுடைய நண்பர்களையும் எச்சரியுங்கள். திருடப்பட்ட கணக்கிலிருந்து அடுத்த சிறுவனுக்கு இணைப்பு போவதுதான் வழக்கம்.

மென்பொருள் துறையில் பணிபுரிபவர், கோயம்புத்தூர்: பத்தாண்டுகளாகக் குறிப்பிட்ட சில நம்பகமான ரீபேக் தளங்களிலிருந்து (கிராக் செய்த விளையாட்டைச் சிறிதாகச் சுருக்கித் தருபவை) மட்டும் இறக்குகிறேன். எதுவும் நடந்ததில்லை. காசு கொடுத்து வாங்கும் கடைகளில் வைரஸ் வரவில்லையா? நீங்கள் மிகைப்படுத்துகிறீர்கள்.

வந்திருக்கிறது; மறைக்கவில்லை. 2023 ஜூனில் மைன்கிராஃப்ட் விளையாட்டில் மாற்றங்கள் செய்ய உதவும் கூடுதல் தொகுப்புகளை (‘மாட்’) வழங்கும் பிரபலமான தளங்களிலேயே ‘ஃப்ராக்சரைசர்’ என்ற திருடும் நிரல் நுழைந்திருந்தது. 2025 பிப்ரவரியில், கணினி விளையாட்டுகளை இணையத்தில் விற்கும் ஸ்டீம் கடையிலேயே பைரேட்ஃபை என்ற இலவச விளையாட்டு சில நாட்கள் தீய நிரலோடு இருந்துவிட்டு நீக்கப்பட்டது. அதன் பின் நடந்ததைக் கவனியுங்கள். அதை இயக்கிய ஒவ்வொருவருக்கும் ஸ்டீமிலிருந்து எச்சரிக்கை போனது; தேவைப்பட்டால் முழுவதும் ஃபார்மட் செய்யுங்கள் என்று அதிலேயே சொல்லியிருந்தார்கள். யார் வாங்கினார்கள் என்ற பதிவேடு அவர்களிடம் இருந்தது. நீங்கள் இறக்கும் ரீபேக்கில் நாளைக்கு ஏதாவது கண்டுபிடிக்கப்பட்டால் உங்களுக்குக் கடிதம் எழுதப்போவது யார்?

பத்தாண்டுகளாக எதுவும் நடக்கவில்லை என்பதையும் நீங்கள் எப்படி அறிவீர்கள் என்று கேட்க வேண்டியிருக்கிறது. தோண்டும் நிரல் சத்தம் போடும். திருடும் நிரல் சத்தம் போடாது, ஒரு முறை ஓடித் தன்னைத்தானே அழித்துக்கொள்வதும் உண்டு. தவிர, பெயர் பெற்ற ரீபேக் தளங்களைப் போலவே பெயரும் தோற்றமும் கொண்ட போலித் தளங்கள் இருக்கின்றன; தேடுபொறியில் எது முதலில் வருகிறதோ அதை அவசரத்தில் சொடுக்குபவர்களுக்கு இரண்டும் ஒன்றுதான். உங்களுக்கு வேறுபாடு தெரியலாம். உங்களிடம் கேட்டுக்கொண்டு போய் அதே பெயரைத் தேடும் பக்கத்து வீட்டுப் பையனுக்குத் தெரியாது.

கேம் சென்டர் நடத்துபவர், சேலம்: பத்துக் கணினிகளில் கிராக் விளையாட்டுகள்தாம் இருக்கின்றன. குண்டர் சட்டத்தில் பிடிப்பார்களா?

2004இல் தமிழ்நாடு குண்டர் தடுப்புச் சட்டத்தில் சேர்க்கப்பட்டது திருட்டு விசிடிக் குற்றம். அது திரைப்படம் தொடர்பானது. உங்களுக்குப் பொருந்துவது 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம். கணினி விளையாட்டும் அதன்படி ஒரு கணினி நிரல்தான். திருட்டுப் பிரதி என்று தெரிந்தே ஒரு நிரலைக் கணினியில் பயன்படுத்தினால், 63பி பிரிவின்படி குறைந்தது 7 நாட்கள் முதல் 3 ஆண்டுகள் வரை சிறையும், 50,000 ரூபாய் முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதமும் விதிக்கலாம். வருமானத்துக்காகவோ தொழிலுக்காகவோ இல்லாதபோது, சிறைத் தண்டனையை விட்டுவிட்டு 50,000 ரூபாய்க்கு மிகாத அபராதத்தோடு முடித்துக்கொள்ள நீதிமன்றத்துக்கு அதே பிரிவு இடம் தருகிறது. மணிக்கு இவ்வளவு என்று வாங்கும் உங்களுக்கு அந்தச் சலுகை கிடையாது. பாதுகாப்புப் பூட்டை உடைப்பதற்கு 2012 திருத்தத்தில் 65ஏ என்று தனிப் பிரிவும் வந்துவிட்டது.

டோரன்டில் இறக்குபவர்கள் வேறொன்றையும் அறிந்திருக்க வேண்டும். இறக்கும்போதே, இறங்கிய துண்டுகளை உங்கள் கணினி பிறருக்கு அனுப்பிக்கொண்டும் இருக்கிறது. ‘நான் எடுத்துக்கொண்டேன், யாருக்கும் கொடுக்கவில்லை’ என்று சொல்ல வழியில்லை, உங்கள் இணைய முகவரியும் அதே கூட்டத்தில் உள்ள எல்லோருக்கும் தெரிகிறது.

சட்டத்தை விடவும் உங்களை நான் கவலைப்படச் சொல்வது வாடிக்கையாளர்களைப் பற்றித்தான். உங்கள் பத்துக் கணினிகளில்தானே அவர்கள் மின்னஞ்சலையும் திறக்கிறார்கள், தேர்வு விண்ணப்பமும் போடுகிறார்கள்? அவர்களில் யாரும் எந்த எச்சரிக்கைக்கும் ‘யெஸ்’ கொடுக்கவில்லை. அவர்களுக்காக நீங்கள் கொடுத்திருக்கிறீர்கள்.

பன்னிரண்டாம் வகுப்பு மாணவர், திருவாரூர்: எல்லாம் சரி. ஒரு விளையாட்டு நான்காயிரம் ரூபாய் என்றால் எங்களைப் போன்றவர்கள் என்ன செய்வது? அப்பாவிடம் கேட்கக்கூட முடியாது.

நியாயமான கேள்வி. இந்தப் பகுதியில் வந்தவற்றிலேயே நேர்மையான கேள்வியும் இதுதான். சென்னையில் படித்த காலத்தில் ஐம்பது ரூபாய்க்கு மூன்று விளையாட்டுகள் இருந்த திருட்டு சிடியை வாங்கியவன் நான். வாங்க முடியாதவர்களைப் பார்த்து உபதேசம் செய்யும் தகுதி எனக்கு இல்லை. ஆனால் அன்றைக்கு இலவசமாக விளையாட வழியே இல்லை, இன்றைக்கு இருக்கிறது.

மதுரை மாணவருக்கு எழுதிய பதிலில் கிராக்கோனோஷ் ஒளிந்திருந்த விளையாட்டுகளைச் சொன்னேன் அல்லவா? அவற்றில் தி சிம்ஸ் 4இன் அடிப்படை விளையாட்டு 2022 அக்டோபர் முதல் எல்லோருக்கும் இலவசம். கிராண்ட் தெஃப்ட் ஆட்டோ 5ஐ 2020 மே மாதத்தில், ஸ்டீமைப் போன்ற இன்னொரு இணையக் கடையான எபிக் ஒரு வாரம் இலவசமாகக் கொடுத்தது. அந்த வாரத்தில் கணக்கு தொடங்கி எடுத்தவர்களுக்கு அது என்றைக்கும் சொந்தம். புரோ எவல்யூஷன் சாக்கர் வரிசை 2021இல் ஈஃபுட்பால் என்று பெயர் மாறி இலவச விளையாட்டாகிவிட்டது. டோட்டா 2, வாலரண்ட், கவுன்டர் ஸ்ட்ரைக் 2, ராக்கெட் லீக், கணினிக்கான பப்ஜி ஆகிய எதற்கும் நுழைவுக் கட்டணம் இல்லை. இவை உள்ளே உடை, ஆயுத அலங்காரம் என்று ஆசை காட்டிப் பணம் கேட்கும். அப்பாவின் யுபிஐயை மட்டும் அதில் இணைத்துவிடாதீர்கள்.

எபிக் கடை இன்றும் இலவச விளையாட்டுகளைக் கொடுத்துக்கொண்டே இருக்கிறது; கணக்கு தொடங்கி, எது வந்தாலும் எடுத்துச் சேர்த்து வையுங்கள், பிறகு எப்போது வேண்டுமானாலும் இறக்கிக்கொள்ளலாம். ஸ்டீமில் ரூபாயிலேயே விலை போட்டிருக்கிறார்கள். கோடை, குளிர்காலத் தள்ளுபடிகளில் சில ஆண்டுகள் பழைய விளையாட்டுகள் பாதி விலைக்கும் கீழே வரும். வாங்கிய 14 நாட்களுக்குள், இரண்டு மணி நேரத்துக்குக் குறைவாக விளையாடியிருந்தால் பணத்தைத் திரும்பப் பெறலாம் என்பதால், உங்கள் கணினியில் ஓடுமா ஓடாதா என்று பயப்படவும் வேண்டாம்.

கடிதத்தின் கடைசியில், கணினியில் 4 ஜிபி ராம் என்று எழுதியிருக்கிறீர்கள். நீங்கள் கேட்ட அந்த நான்காயிரம் ரூபாய் விளையாட்டு அதில் எப்படியும் ஓடாது, கிராக் செய்தாலும் சரி, வாங்கினாலும் சரி. அதே கணினியில் டோட்டா 2 படங்களின் தரத்தைக் குறைத்து வைத்தால் ஓடும். இறங்குவதற்கு ஓர் இரவு பிடிக்கும், தேர்வு முடிந்த பிறகு தொடங்குங்கள்.